திருமலை நாயக்கர் மஹால்: எஞ்சி நிற்கும் பகுதி நமக்குச் சொல்வது என்ன?

மதுரையில் வாழும் நம் குடும்பங்களுக்குத் திருமலை நாயக்கர் மஹால் புதிய இடமல்ல. பள்ளிக்கூடச் சுற்றுலாவில் ஒரு முறை, வெளியூர் உறவினர்களை அழைத்துக்கொண்டு ஒரு முறை என்று எப்படியும் போயிருப்போம். உயர்ந்த தூண்களுக்கு நடுவே நின்று படம் எடுத்துக்கொண்டு, புறாக்களைப் பிள்ளைகளுக்குக் காட்டிவிட்டுத் திரும்பியிருப்போம்.

ஆனால் அந்த முற்றத்தில் நிற்கும் ஒருவருக்கு இயல்பாகவே சில கேள்விகள் எழும். மீனாட்சி அம்மன் கோயிலுக்குப் பெரும் திருப்பணிகள் செய்த ஒரு மன்னரின் அரண்மனையில், பள்ளிவாசல்களில் நாம் பார்த்துப் பழகிய வளைவுகளும் குவிமாடமும் ஏன் இருக்கின்றன? இன்று நாம் பார்ப்பது மூல அரண்மனையின் கால் பங்குதான் என்கிறார்களே, மீதி முக்கால் பங்கு எங்கே போனது? நம் தெருக்களுக்கும் பள்ளிவாசல்களுக்கும் இந்த அரண்மனை வரலாற்றோடு ஏதாவது தொடர்பு உண்டா?

இந்த மூன்றுக்கும் பதில் தேடினால், அது நம் சொந்தப் பொறுப்பு ஒன்றில் வந்து முடிகிறது.

1636இல் எழுந்த மாளிகை

திருமலை நாயக்கர் 1623 முதல் 1659 வரை ஆட்சி செய்தவர். அவர் பட்டத்துக்கு வந்தபோது நாயக்க அரசின் தலைநகர் திருச்சிராப்பள்ளி. அதை மீண்டும் மதுரைக்குக் கொண்டுவந்தார். புதிய தலைநகருக்கு ஏற்ற அரண்மனையாக 1636இல் இந்த மஹால் உருவானது. ஆக்ராவில் ஷாஜஹான் தாஜ்மஹால் வேலையைத் தொடங்கியது 1632இல். இரண்டும் ஏறத்தாழ ஒரே காலத்துக் கட்டடங்கள்.

அன்றைய அரண்மனைக்கு இரண்டு பெரும் பகுதிகள் இருந்தன. மன்னருக்கு உரியது சொர்க்கவிலாசம். அவருடைய தம்பிக்கு உரியது ரங்கவிலாசம். இவற்றோடு நாடகசாலை, ஆயுதசாலை, வழிபாட்டு இடம், பல்லக்கு வைக்கும் இடம், பூந்தோட்டம், குளம், முரசும் வாத்தியங்களும் முழங்கும் மண்டபம் எல்லாம் இருந்தன. இன்று நுழைவுச்சீட்டு வாங்கிக்கொண்டு நாம் போவது சொர்க்கவிலாசத்துக்கும் அதை ஒட்டிய சில மண்டபங்களுக்கும்தான்.

செங்கல்லும் சுண்ணாம்புச் சாந்தும்தான் கட்டுமானத்தின் உயிர். கிளிஞ்சல் சுண்ணாம்போடு முட்டையின் வெண்கருவைச் சேர்த்து அரைத்துப் பூசியதால்தான் சுவருக்கும் தூணுக்கும் அந்த வழவழப்பு வந்தது என்பார்கள். மரச்சட்டமோ இரும்பு உத்தரமோ இல்லாமல் வளைவுகளின் மீதே மேல் குவிமாடம் தாங்கி நிற்கிறது. வண்டியூர்த் தெப்பக்குளம் இருக்கும் இடத்தில் மண் எடுத்துத்தான் மஹாலுக்குச் செங்கல் அறுத்தார்கள், அந்தப் பள்ளமே பிறகு தெப்பக்குளம் ஆனது என்று மதுரையில் ஒரு செய்தி வழங்கிவருகிறது.

வளைவுகள் வந்த வழி

தமிழகத்தின் பழைய கட்டடக் கலையில் தூண் நிறுத்தி, அதன் மேல் கல் உத்தரம் வைத்து, அதன் மேல் பலகைக் கற்களைப் பரப்புவார்கள். பெரிய கோயில்களும் அப்படித்தான் கட்டப்பட்டன. தென்மாவட்டங்களின் பழைய பள்ளிவாசல்களும் அப்படித்தான் கட்டப்பட்டன. இந்த முறையில் இரண்டு தூண்களுக்கு இடையிலான தூரம், கிடைக்கும் கல்லின் நீளத்தைத் தாண்ட முடியாது. வளைவு முறை வேறு. சிறுசிறு செங்கற்களை வில்போல அடுக்கினால் ஒவ்வொன்றும் அடுத்ததை அழுத்திப் பிடித்துக்கொள்ளும். பாரம் பக்கவாட்டில் இறங்கித் தூணுக்குப் போய்விடும். அதனால் அகலமான, தடையில்லாத கூடங்கள் சாத்தியமாகின்றன.

இந்த முறையைத் தக்காணத்தில் பெருமளவில் வளர்த்தவை பாமனி சுல்தான்களின் ஆட்சியும், அதற்குப் பின் வந்த பீஜப்பூர், கோல்கொண்டா அரசுகளும். அவர்களோடு போரும் உறவுமாக இருந்த விஜயநகரப் பேரரசு அதைத் தன் அரண்மனைகளில் எடுத்துக்கொண்டது. ஹம்பியில் உள்ள தாமரை மஹாலையும் யானைக் கொட்டாரத்தையும் பார்த்தவர்களுக்கு இது விளங்கும். கோயில்களைப் பழைய முறையிலேயே கட்டினார்கள், அரசவைக் கட்டடங்களில் மட்டும் வளைவுகளையும் குவிமாடங்களையும் வைத்தார்கள். உடையிலும் இதுதான் நடந்தது. விஜயநகர அவையில் அணியப்பட்ட குல்லாயி என்ற தொப்பியின் பெயர் பார்சியிலிருந்தும், கபாயி என்ற நீண்ட அங்கியின் பெயர் அரபியிலிருந்தும் வந்தவை.

மதுரை நாயக்கர்கள் விஜயநகரத்தின் ஆளுநர்களாகத் தொடங்கியவர்கள். அந்த அரசவை வழக்கங்கள் அவர்களோடு மதுரைக்கும் வந்தன. திருமலை நாயக்கர் தம் காலத்தில் கோல்கொண்டா, பீஜப்பூர் அரசுகளோடு நேரடியாகவே அரசியல் உறவு வைத்திருந்தார். அக்காலத்தில் மதுரையில் ஐரோப்பியப் பாதிரிமார்களும் இருந்தார்கள். ஓர் இத்தாலியக் கலைஞர்தான் மஹாலை வடிவமைத்தார் என்ற செய்தியும் பலகாலமாகச் சொல்லப்படுகிறது. பருத்துயர்ந்த அந்தத் தூண்களைப் பார்த்தால் அப்படி ஏன் சொன்னார்கள் என்பது புரியும்.

ஆக, மஹால் 'இஸ்லாமியக் கட்டடம்' அல்ல. 'வெளியாட்கள் கலக்காத' கட்டடமும் அல்ல. தமிழ்ச் சிற்பிகளின் சுதை வேலை, தக்காணத்து வளைவு, ஐரோப்பியச் சாயல் மூன்றும் ஒரே கூரையின் கீழ் இருக்கின்றன. 'மஹால்' என்ற பெயரே அரபியில் இடம் என்று பொருள் தரும் 'மஹல்' என்ற சொல்லிலிருந்து வந்தது.

இந்தக் கொடுக்கல் வாங்கல் ஒரு பக்கமாக மட்டும் நடக்கவில்லை. மதுரைக்குக் கிழக்கே சேதுபதிகளின் சீமையில், கீழக்கரையில் வள்ளல் சீதக்காதி கட்டிய ஜும்ஆ பள்ளிவாசலைப் பாருங்கள். அதன் கல்தூண்களும் போதிகைகளும் திராவிடக் கட்டடக் கலையைச் சேர்ந்தவை. அவருக்கு நெருங்கிய நண்பராக இருந்த கிழவன் சேதுபதிதான் இராமநாதபுரத்தில் இராமலிங்க விலாசம் அரண்மனையை எழுப்பினார். ஏறத்தாழ ஒரே நூற்றாண்டில் ஒரு நாயக்க மன்னர் வளைவுகளோடு அரண்மனை கட்டினார், ஒரு முஸ்லிம் வணிகர் கோயில் தூண்களைப் போன்ற தூண்களோடு பள்ளிவாசல் கட்டினார். எது நன்றாக நிற்கும், எது அழகாக இருக்கும் என்று பார்த்தார்களே தவிர, அது யாருடைய பாணி என்று இருவருமே தயங்கியதாகத் தெரியவில்லை.

முக்கால் பங்கு எங்கே போனது?

இவ்வளவு பெரிய அரண்மனையை எதிரிப் படை இடித்திருக்கும் என்றுதான் நினைக்கத் தோன்றும். ஆனால் அதன் பெரும்பகுதியைப் பிரித்தெடுத்தவர் திருமலை நாயக்கரின் சொந்தப் பேரன் சொக்கநாத நாயக்கர். 1659இல் பட்டத்துக்கு வந்த அவர், சில ஆண்டுகளில் தலைநகரை மீண்டும் திருச்சிராப்பள்ளிக்கு மாற்றினார். அங்கே அரண்மனை கட்ட மதுரை மஹாலின் பகுதிகளைப் பிரித்து எடுத்துச் சென்றார். தாத்தா கட்டிய மாளிகை நெடுங்காலம் முழுமையாக நிற்கவில்லை.

ரங்கவிலாசத்தில் மிஞ்சியவை பத்துப் பெரிய கல்தூண்கள். விளக்குத்தூண் அருகே இருக்கும் பத்துத்தூண் சந்துக்குத் துணி வாங்கப் போகிறவர்கள் அவற்றைக் கடந்துதான் போகிறார்கள். அவை ஓர் அரண்மனையின் தூண்கள் என்பதைப் பிள்ளைகளுக்கு நின்று சொல்பவர்கள் குறைவு.

நகரத்தைச் சூழ்ந்திருந்த கோட்டையும் இப்படித்தான் போனது. விசுவநாத நாயக்கர் காலத்தில் எழுந்ததாகச் சொல்லப்படும் அந்தக் கோட்டைக்கு 72 கொத்தளங்கள். ஒவ்வொன்றும் ஒரு பாளையக்காரரின் பொறுப்பில் இருந்தது. 19ஆம் நூற்றாண்டில் மதுரை கலெக்டராக இருந்த பிளாக்பர்ன், நெருக்கடி மிகுந்த நகரை விரிவாக்குவதற்காகக் கோட்டைச் சுவரை இடித்து அகழியைத் தூர்க்க வைத்தார். அந்த இடத்தில்தான் வெளி வீதிகளும், மாரட் வீதியும், பெருமாள் மேஸ்திரி வீதியும் உருவாயின. பெரியார் பேருந்து நிலையத்தின் அருகே மேற்குக் கோட்டை வாசலின் ஒரு துண்டு மட்டும் இன்றும் நிற்கிறது.

கட்டடம் போனாலும் பெயர் நின்றது

இடிந்த பிறகும் அரண்மனையும் கோட்டையும் பெயர்களாக ஊருக்குள் வாழ்கின்றன. கீழவாசல், மேலவாசல், தெற்குவாசல் எல்லாம் கோட்டையின் வாசல்கள். இன்று தெற்குவாசலில் நம் சமுதாயத்தினர் கணிசமாக வாழ்கிறார்கள்.

மஹாலை ஒட்டிய பகுதியில் நவபத்கானா தெரு என்று ஒன்று உண்டு. பலரும் இதை ஏதோ ஒரு நவாபின் பெயர் என்று நினைத்துக்கொள்கிறார்கள். உண்மையில் அது 'நவ்பத் கானா'. குறித்த நேரங்களில் அரண்மனையில் முழங்கும் முரசு, நாகசுர வாத்தியத்துக்கு நவ்பத் என்று பெயர். கானா என்றால் பார்சியில் வீடு. முன்பு சொன்ன வாத்திய மண்டபத்தின் பெயர்தான் இன்று அந்தத் தெருவின் கதவிலக்கத்தோடு எழுதப்படுகிறது.

கான்சா மேட்டுத் தெரு என்ற பெயர் கான் சாஹிபைக் குறிக்கிறது. மருதநாயகம் என்று இன்று பரவலாக அறியப்படும் முஹம்மது யூசுப் கான் 1759 முதல் மதுரைச் சீமையின் ஆளுநராக இருந்தார். பிறகு ஆற்காட்டு நவாபையும் கிழக்கிந்தியக் கம்பெனியையும் எதிர்த்து இந்தக் கோட்டைக்குள்ளிருந்து போரிட்டார். முதல் முற்றுகையில் கோட்டை விழவில்லை. கடைசியில் உடனிருந்தவர்களின் துரோகத்தால்தான் பிடிபட்டார். 1764 அக்டோபர் 15 அன்று தூக்கிலிடப்பட்டார். சம்மட்டிபுரத்தில் அவருடைய அடக்கத்தலமும் பள்ளிவாசலும் இருக்கின்றன.

மஹாலைக் கட்டிய மன்னரே மீனாட்சி அம்மன் கோயிலுக்கு எதிரே புதுமண்டபத்தையும் கட்டினார். பல தலைமுறைகளாக அந்த மண்டபத்துக்குள் தையல் இயந்திரங்கள் ஓடின. சித்திரைத் திருவிழாவுக்கு வரும் பக்தர்களின் வேட உடைகளை அங்கே தைத்துக் கொடுத்தவர்களில் முஸ்லிம் தையற்காரர்களும் இருந்தார்கள். அண்மையில்தான் அந்தக் கடைகள் குன்னத்தூர் சத்திரத்துக்கு மாற்றப்பட்டன.

நீதிமன்றமானதால் பிழைத்தது

எஞ்சிய மஹால் எப்படித் தப்பியது? நாயக்கர் ஆட்சி முடிந்த பிறகு அது பல கைகளுக்கு மாறிச் சிதைந்தது. 1866 முதல் 1872 வரை சென்னை மாகாண ஆளுநராக இருந்த நேப்பியர் பிரபு அதைப் பழுதுபார்க்க ஏற்பாடு செய்தார். பழுதுபார்த்த கட்டடத்தில் ஜில்லா நீதிமன்றம் இயங்கியது. 1970 வரை வழக்குகள் அங்கேதான் நடந்தன. அதற்குப் பிறகு அது அரசின் தொல்லியல் துறை வசம் வந்தது.

புழக்கத்தில் இருந்ததால்தான் கூரை ஒழுகினால் அடைக்கவும், சுவர் விரிந்தால் பூசவும் ஆள் இருந்தது. ஆளற்ற பகுதிகள் கல் கல்லாகக் காணாமல் போயின.

அந்த நீதிமன்றத்தில் ஒலித்த சொற்களையும் நாம் கவனிக்க வேண்டும். வக்கீல், தாவா, வாய்தா, ஜாமீன், ஆஜர், ரத்து, நகல், அசல், ஜில்லா. எல்லாமே அரபி வேர் கொண்டவை. பார்சி வழியாக நவாபுகளின் நிர்வாகத்துக்கு வந்து, கம்பெனிக் கச்சேரிகளில் தங்கி, தமிழ்ச் சொற்களாகவே ஆகிவிட்டன. உசிலம்பட்டியிலிருந்தோ மேலூரிலிருந்தோ வழக்குக்காக வந்த ஒரு விவசாயி, நாயக்கர் கட்டிய கூடத்தில், தக்காணத்து வளைவுகளின் கீழ் நின்று 'வாய்தா' கேட்டார். இதில் எதுவும் அவருக்கு அந்நியமாகத் தோன்றியிருக்காது.

மஹாலின் செல்வாக்கு மதுரையோடு நிற்கவில்லை. இந்தியக் கட்டடங்களின் வளைவையும் குவிமாடத்தையும் புதிய அரசுக் கட்டடங்களுக்கு எடுத்துக்கொள்ளும் இந்தோ சாரசெனிக் பாணியை நேப்பியர் ஊக்குவித்தார். மஹால் பழுதுபார்ப்பில் பங்கேற்ற கட்டடக் கலைஞர் ராபர்ட் சிஷோம், சென்னைப் பல்கலைக்கழகத்தின் செனட் இல்லத்தை அதே பாணியில் வடிவமைத்தார்.

மதுரைத் தமுக்கத்தில் இராணி மங்கம்மாளின் அரண்மனையும் புழக்கத்தால் நிலைத்தது. நாயக்கர்களுக்குப் பின் கர்நாடக நவாபு, கம்பெனி என்று கைமாறிய அந்த மாளிகையில்தான் 1959இல் காந்தி நினைவு அருங்காட்சியகம் திறக்கப்பட்டது.

ஒரு கல் காத்த உரிமை

இனி கோரிப்பாளையத்துக்கு வருவோம். 'கோரி' என்பது அடக்கத்தலத்தைக் குறிக்கும் பார்சிச் சொல். வைகையின் வடகரையில் உள்ள அந்தத் தர்காவின் பெயராலேயே அந்தப் பகுதி அழைக்கப்படுகிறது.

நாயக்க மன்னர் வீரப்பர் காலத்தில், 1573ஆம் ஆண்டைச் சேர்ந்த ஒரு கல்வெட்டு அங்கிருந்து பதிவாகியுள்ளது. பாண்டிய மன்னர் காலத்தில் 'தில்லி ஒருகோல் சுல்தான்' பள்ளிவாசலுக்குக் கிடைத்த ஆறு ஊர்களின் உரிமை பற்றிச் சர்ச்சை எழுந்தது. வீரப்ப நாயக்கர் விசாரித்து, அந்த உரிமை செல்லும் என்று உறுதி செய்தார். அந்தத் தீர்ப்பு கல்லில் பொறிக்கப்பட்டது. திருமலை நாயக்கர் மஹாலைவிட 63 ஆண்டுகள் மூத்தது அந்தக் கல்.

ஒரு முஸ்லிம் அடக்கத்தலத்தின் சொத்தை, பாண்டிய மன்னர் கொடுத்ததாகவே ஏற்று ஒரு நாயக்க மன்னர் காத்தார். மதுரையில் நம் வேர் எவ்வளவு ஆழமானது என்று கேட்பவர்களுக்கு நாம் காட்ட வேண்டிய சான்று இது. காஜிமார் பெரிய பள்ளிவாசலும் பாண்டிய மன்னர் கொடுத்த நிலத்தில் ஹஜ்ரத் காஜி செய்யிது தாஜுத்தீன் (ரஹ்) அவர்களால் எழுப்பப்பட்டது என்பது வழிவழியாக வரும் செய்தி.

சான்று பேசும்போது நேர்மையும் வேண்டும். 1335 வாக்கில் தொடங்கி நாற்பது ஆண்டுகளுக்கு மேல் நீடித்த மதுரை சுல்தான்களின் ஆட்சியும் நம் வரலாற்றில் உண்டு. அக்காலத்தில் இங்கே வந்த பயணி இப்னு பதூதா, சுல்தான் கியாசுத்தீன் கைதிகளிடமும் அவர்களின் குடும்பத்தினரிடமும் காட்டிய கொடுமையைக் கண்டித்தே எழுதியிருக்கிறார். அந்த சுல்தானுக்கு அவர் உறவினர். இருந்தும் மறைக்கவில்லை. நமக்குச் சாதகமானதை மட்டும் எடுத்துச் சொன்னால், நாம் காட்டும் மற்ற சான்றுகளையும் யாரும் நம்பமாட்டார்கள்.

நாம் செய்ய வேண்டியது

அரண்மனையை இடித்த பேரனைப் பற்றிப் படிக்கும்போது நமக்கு வருத்தமாக இருக்கிறது. அதே வேலையை நாமும் செய்துகொண்டிருக்கிறோமா என்று பார்க்க வேண்டும். ஜமாஅத் வளர்கிறது, ஜும்ஆவுக்கு இடம் போதவில்லை, விரிவாக்கம் தேவைதான். ஆனால் விரிவாக்கம் என்ற பெயரில் பல ஊர்களில் பழைய கல்தூண்கள் பெயர்க்கப்படுகின்றன, எழுத்துள்ள கற்கள் படிக்கட்டுக்கு அடியில் போகின்றன, சுண்ணாம்புச் சுவர்மேல் டைல்ஸ் ஒட்டப்படுகிறது. வக்ஃப் சொத்து பற்றி வழக்கு வரும்போதுதான் அந்தக் கல்லைத் தேடுகிறோம்.

பெரிய செலவில்லாமல் செய்யக்கூடியவை பல இருக்கின்றன:

1. பழைய பள்ளிவாசலில் வேலை தொடங்குமுன் ஒவ்வொரு தூணையும், வாசல் நிலையையும், எழுத்துள்ள கல்லையும், கபுருஸ்தானின் மீஸான் கற்களையும் படம் எடுத்து வையுங்கள். எந்தக் கல் எந்த இடத்தில் இருந்தது என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

2. எழுத்துள்ள கல்லின் மேல் பெயின்ட் அடிக்காதீர்கள், மணல் வீசிச் சுத்தம் செய்யாதீர்கள், ஆசிட் ஊற்றாதீர்கள். எழுத்து தமிழோ, அரபியோ, பார்சியோ, படிக்க முடியாவிட்டாலும் அப்படியே விடுங்கள். தொல்லியல் துறைக்குத் தெரிவித்தால் மைப்படி எடுத்து வாசிப்பார்கள்.

3. சுண்ணாம்புச் சுவரில் சிமென்ட் பூச வேண்டாம். சுண்ணாம்பு ஈரத்தை வெளியே விடும், சிமென்ட் அதை உள்ளேயே அடைத்துவிடும். சில ஆண்டுகளில் சுவர் உப்பி உதிரும். சுண்ணாம்பு வேலை தெரிந்த கொத்தனார்கள் இன்னும் இருக்கிறார்கள்.

4. செப்பேடு, பழைய பத்திரம், முத்தவல்லிகளின் கணக்கு நோட்டு ஆகியவற்றை ஒரே வீட்டு அலமாரியில் பூட்டி வைக்காமல் நகல் எடுத்து, ஜமாஅத்திலும் வக்ஃப் வாரியத்திலும் பதிவாக வையுங்கள்.

5. விரிவாக்கம் தவிர்க்க முடியாதபோது பழைய கூடத்தை உள்ளே அப்படியே வைத்து, புதியதை அதைச் சுற்றிக் கட்ட முடியுமா என்று பொறியாளரிடம் கேளுங்கள். புழக்கத்தில் இருக்கும் பழைய கூடம்தான் பராமரிக்கப்படும்.

அடுத்த விடுமுறையில் பிள்ளைகளோடு மஹாலுக்குப் போனால், சொர்க்கவிலாசத்தோடு நிறுத்திவிடாதீர்கள். அங்கிருந்து நவபத்கானா தெருவுக்கும், பத்துத்தூண் சந்துக்கும் நடந்தே போகலாம். மாலையில் ஆற்றைக் கடந்து கோரிப்பாளையம் போகலாம். வழியில் இந்தப் பெயர்கள் எப்படி வந்தன என்று சொல்லுங்கள். பிறகு உங்கள் ஊர்ப் பள்ளிவாசலின் மிகப் பழைய கல் எங்கே இருக்கிறது என்று அவர்களையே தேடச் சொல்லுங்கள்.